வீடியோ கால் நடுவே வேறு ஆப் திறந்தால்: எந்தக் கோளாறுக்கு என்ன செய்வது

குமரி மாவட்டத்தில் வீடியோ கால் இல்லாமல் ஒரு நாள்கூட ஓடாத வீடுகள் ஏராளம். மகன் சவூதியில் இருப்பான், மகள் பெங்களூரில் இருப்பாள், அம்மா குளச்சலிலோ தூத்தூரிலோ இருப்பார். முகம் பார்த்துப் பேசுவதோடு காரியம் முடிவதில்லை. பேச்சின் நடுவிலேயே அக்கவுண்ட் நம்பர் அனுப்ப வேண்டும், கரண்ட் பில் கட்ட வேண்டும், ஆஸ்பத்திரிச் சீட்டைக் காட்ட வேண்டும். அதற்காக இன்னொரு ஆப்பைத் திறந்ததும் படம் நின்றுவிடும், அல்லது சத்தம் போய்விடும்.

கருங்கல் பக்கம் மொபைல் சர்வீஸ் கடை நடத்துகிறேன். இந்தத் தொந்தரவோடு வருகிறவர்கள் பெரும்பாலும் போன் கெட்டுப்போய்விட்டது என்று பயந்துதான் வருவார்கள். போனில் ஒரு குறையும் இருக்காது. நடப்பது இதுதான்: வீடியோ கால் ஒரே நேரத்தில் திரை, கேமரா, மைக், நெட் ஆகிய நான்கையும் பிடித்துக்கொள்கிறது. நீங்கள் திறக்கும் அடுத்த ஆப் இவற்றில் ஒன்றைக் கேட்டால் அங்கே மோதல். எதற்காக மோதுகின்றன என்று தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது. கால்குலேட்டர், நோட்ஸ், காண்டாக்ட்ஸ், கேலரி போன்றவை கேமராவும் மைக்கும் கேட்பதில்லை, அதனால் அவை சண்டை போடுவதும் இல்லை. தோவாளை பூச்சந்தையில் விடியுமுன்னே பிச்சிப்பூக் குவியலை வீடியோவில் கேரளத்து வியாபாரிக்குக் காட்டிக்கொண்டே, இன்னொரு விரலால் கால்குலேட்டரில் கிலோவுக்கு எவ்வளவு என்று கணக்குப் போடுவார்கள். அது தடங்கல் இல்லாமல் நடக்கும். அதே ஆள் க்யூஆர் கோடு ஸ்கேன் பண்ணப் போனால் பூவின் படம் நின்றுவிடும்.

உங்களுக்கு நடப்பது எது என்று பார்த்து, அந்தப் பகுதியை மட்டும் படித்தால் போதும்.

"ஹோம் பட்டனைத் தொட்டேன், கால் போயிட்டு"

பெரும்பாலும் போயிருக்காது. ஹோமுக்கு வந்தாலும் கால் பின்னால் ஓடிக்கொண்டேதான் இருக்கும். காதில் சத்தம் வருகிறதா என்று முதலில் கவனியுங்கள். பதறிப்போய் மறுபடி டயல் செய்வதால்தான் உண்மையிலேயே குழப்பம் வருகிறது. வயதானவர்கள் இருக்கும் வீட்டில் வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகள் இதை ஒரு தடவை பழக்கிவிட்டால் நல்லது.

"மக்களே, நீ போயிட்டியா? ஒன்னக் காணல்லையே."

"இங்கதான் இருக்கேன் அம்மா. போனுக்கு மேல பச்சையா ஒண்ணு தெரியுதா? அதத் தொடுங்க."

அந்தப் பச்சைதான் வழி. ஆண்ட்ராய்டு 12-உம் அதற்குப் பிந்தியதும் உள்ள போன்களில் கால் ஓடும்போது திரையின் உச்சியில் சிறிய பச்சைப் பட்டை தெரியும், பலவற்றில் எத்தனை நிமிடம் ஆனது என்றும் அதில் ஓடும். அதைத் தொட்டால் கால் முழுத் திரைக்குத் திரும்பிவிடும். பழைய போன் என்றால் மேலிருந்து கீழே இழுத்தால் வரும் நோட்டிஃபிகேஷனில் வாட்ஸ்அப் கால் என்று இருக்கும், அதைத் தொடுங்கள். ஐபோனில் மணி காட்டும் இடம் பச்சையாக மாறியிருக்கும், புதிய மாடல்களில் உச்சியில் இருக்கும் கருப்பு வில்லையில் கால் தெரியும்.

ஒரு பழக்கத்தை மட்டும் விட்டுவிட வேண்டும். திறந்து கிடக்கும் ஆப்களை எல்லாம் மேலே தள்ளி மூடுவது, அல்லது "க்ளியர் ஆல்" தட்டுவது. போன் வேகமாக ஓடும் என்று யாரோ சொல்லிக் கொடுத்து, பலருக்கு இது கைப்பழக்கமாகவே ஆகிவிட்டது. கால் ஓடும்போது அப்படிச் செய்தால் பல போன்களில் வாட்ஸ்அப்பும் சேர்ந்து மூடப்பட்டு, நிஜமாகவே லைன் அறுந்துவிடும்.

"கால் இருக்கு, ஆனா சின்னக் கட்டம் வரல்ல"

ஹோமுக்கு வந்ததும் எதிரில் இருப்பவரின் முகம் மூலையில் சிறு கட்டமாக நிற்க வேண்டும். பிக்சர் இன் பிக்சர் என்பது இதுதான். ஆண்ட்ராய்டு போன்களுக்கு இது 2017-இல் வந்த ஆண்ட்ராய்டு 8-இல் வந்தது. ஐபோனுக்கு 2020-இல் ஐஓஎஸ் 14-இல் வந்தது. அதைவிடப் பழைய மென்பொருள் என்றால் தேட வேண்டாம், கட்டம் வராது. 2 ஜிபி ராம் உள்ள ஆண்ட்ராய்டு கோ வகை போன்களிலும் பலவற்றில் இந்த வசதி கிடையாது. அப்படிப்பட்ட போனில் சத்தம் மட்டும் ஓடும், படம் பார்க்கத் திரும்பி வர வேண்டும்.

வசதி இருந்தும் வரவில்லை என்றால் அனுமதி அணைந்திருக்கும். செட்டிங்ஸ், ஆப்ஸ், ஸ்பெஷல் ஆப் ஆக்சஸ், பிக்சர் இன் பிக்சர் என்று வரிசையாகப் போங்கள். பட்டியலில் வாட்ஸ்அப்பைத் தொட்டு அனுமதியை ஆன் செய்யுங்கள். சில கம்பெனி போன்களில் இந்தப் பெயர்கள் இடம் மாறியிருக்கும். செட்டிங்ஸின் உச்சியில் உள்ள தேடும் பெட்டியில் "பிக்சர்" என்று ஆங்கிலத்தில் அடித்தால் நேராகக் கொண்டு போய்விடும். ஷாவ்மி, ரெட்மி, போக்கோ போன்களில் இன்னொரு பூட்டும் உண்டு: வாட்ஸ்அப்பின் ஆப் இன்ஃபோவில் "அதர் பெர்மிஷன்ஸ்" உள்ளே, பின்னணியில் ஓடும்போது பாப்-அப் ஜன்னல் காட்டுவதற்கான அனுமதி. அதையும் திறந்து விடுங்கள். ஐபோனில் செட்டிங்ஸ், ஜெனரல், பிக்சர் இன் பிக்சர் என்று போய், தானாகத் தொடங்கும் பொத்தானை ஆன் செய்ய வேண்டும்.

ஐக்கிய அரபு அமீரகத்தில் வாட்ஸ்அப் கால் தடுக்கப்பட்டிருப்பதால் துபாய், ஷார்ஜாவில் இருப்பவர்களோடு நம் ஊரார் போட்டிம் போன்ற ஆப்களில் பேசுகிறார்கள். வாட்ஸ்அப்புக்குக் கொடுத்த அனுமதி அதற்கும் சேர்ந்துவிடாது, ஒவ்வொரு ஆப்புக்கும் தனித்தனியாகக் கொடுக்க வேண்டும். துபாயில் இருப்பவருக்கு வாட்ஸ்அப் கால் போட்டு ரிங் போயும் இணையாமல் நின்றால் உங்கள் போனை நோண்டாதீர்கள். தடை அந்தப் பக்கத்தில் இருக்கிறது.

"கட்டம் வருது, வேண்டிய இடத்த மறைக்குது"

விரலால் பிடித்து எந்த மூலைக்கும் இழுக்கலாம். ஆண்ட்ராய்டு 12 முதல் இரண்டு விரலால் பெரிதும் சிறிதுமாக்கலாம், ஓரத்துக்குத் தள்ளினால் பாதி ஒளிந்து நிற்கும். ஐபோனிலும் ஓரத்துக்குத் தள்ளி ஒளித்து வைக்கலாம், சத்தம் தொடரும். கீழே இழுத்து மூடிவிட வேண்டாம். பணம் கட்டும் பக்கத்தில் தொகை அடிக்கும் இடத்தைக் கட்டம் மறைத்தால், அதை நகர்த்திவிட்டுத் தொகையை ஒரு தடவை சரி பார்த்த பிறகே மேலே போங்கள்.

"என் படம் அங்க அப்படியே நிக்குதாம்"

கடைக்கு அதிகம் வரும் புகார் இது. ஒரே காரணம்தான்: கேமரா. கால் பிடித்து வைத்திருக்கும் கேமராவை வேறொரு ஆப் கேட்டால், திரையில் முன்னால் நிற்கும் ஆப்புக்கே போன் அதைக் கொடுக்கும். கூகுள் பே, போன்பேயில் ஸ்கேனரைத் திறப்பது, கேமராவில் போட்டோ எடுப்பது, ஸ்டேட்டஸ் போட வீடியோ எடுப்பது எல்லாம் இந்த வகை. எதிரில் இருப்பவருக்கு உங்கள் முகம் உறைந்தோ கறுத்தோ தெரியும். ஸ்கேனரை மூடியதும் பெரும்பாலும் தானாகச் சரியாகும். சரியாகவில்லை என்றால் கால் திரைக்கு வந்து வீடியோ பொத்தானை ஒரு தடவை அணைத்து மறுபடி போடுங்கள். காலை வைத்துவிட்டு மறுபடி போட வேண்டியதில்லை.

பணம் கட்டத்தான் என்றால் ஸ்கேனரே தேவைப்படாத வழி உண்டு. போன் நம்பருக்கோ யூபிஐ ஐடிக்கோ அனுப்பினால் கேமரா வேண்டாம்.

பாஸ்புக், மருந்துச் சீட்டு, ஆதார் போன்றவற்றைக் காட்ட வேண்டும் என்றால் போட்டோ எடுக்கவே போக வேண்டாம். கால் திரையிலேயே கேமராவைத் திருப்பும் பொத்தான் இருக்கிறது. பின் கேமராவுக்கு மாற்றி, சீட்டை மேசையில் வைத்து, ஜன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழும்படி செய்து, போனை ஒரு சாண் உயரத்தில் அசையாமல் பிடியுங்கள். பாஸ்புக்கின் பிளாஸ்டிக் உறை டியூப்லைட் வெளிச்சத்தில் பளபளத்தால் உறையைக் கழற்றிவிட வேண்டும், இல்லாவிட்டால் நம்பர் இருக்கும் இடம் வெள்ளையாகத்தான் தெரியும். முன் கேமராவில் காட்டுகிறவர்கள் எழுத்து இடவலம் மாறித் தெரிகிறது என்று தவித்துப்போகிறார்கள். அது உங்கள் திரையில் மட்டும்தான் அப்படி, எதிரில் இருப்பவருக்கு நேராகவே தெரியும்.

வீடியோவில் இலக்கங்கள் மங்கலாகத்தான் போய்ச் சேரும், 3-உம் 8-உம் ஒன்றுபோல் இருக்கும். அக்கவுண்ட் நம்பரை வாயால் சொல்லி, எதிரில் இருப்பவரைத் திருப்பிச் சொல்ல வையுங்கள். ஐஎஃப்எஸ்சி கோடு மொத்தம் 11 எழுத்து, அதில் ஐந்தாவது எப்போதுமே பூஜ்யம். அதை ஆங்கில ஓ என்று எடுத்துக்கொண்டு எழுதி, வெளிநாட்டிலிருந்து அனுப்பப் பார்க்கும்போது ஏற்கவில்லை என்று திண்டாடியவர்கள் நிறைய. சீட்டின் தெளிவான போட்டோவே வேண்டும் என்றால், வீடியோவை மட்டும் அணையுங்கள், சத்தம் ஓடட்டும். போட்டோ எடுத்து அனுப்புங்கள், பிறகு வீடியோவைப் போடுங்கள். கேமராவுக்கு வேறு போட்டி இல்லை என்பதால் தகராறு வராது.

ஒரு ஆப்பையும் திறக்காமலே படம் கறுப்பாக இருந்தால் வேறு காரணம். ஆண்ட்ராய்டு 12 முதல் மேலிருந்து இழுத்தால் வரும் சிறு பொத்தான்களில் கேமரா ஆக்சஸ், மைக் ஆக்சஸ் என இரண்டைச் சேர்க்க முடியும். டார்ச் போடப் போய் பக்கத்தில் இருக்கும் அதில் விரல் பட்டிருக்கும். அணைந்திருந்தால் எந்த ஆப்புக்கும் கேமரா கிடைக்காது.

"பேசி டைப் பண்ண முடியல்ல" / "நான் சொல்றது அங்க கேக்கல்ல"

தமிழில் விரலால் அடிக்கச் சிரமப்படுகிறவர்கள் கீபோர்டில் உள்ள மைக்கைத் தொட்டுப் பேசி எழுதுகிறார்கள். நல்ல வசதி, நானே அம்மாமாருக்குச் சொல்லிக் கொடுப்பேன். ஆனால் கால் நடுவில் அது வேலை செய்யாது. கால் பேசும் ஆப் மைக்கை வைத்திருக்கும்போது மற்ற ஆப்புக்குப் போன் வெறும் நிசப்தத்தைத்தான் கொடுக்கும். உங்கள் பேச்சு இன்னொரு ஆப்புக்குக் கசியக் கூடாது என்ற பாதுகாப்புதான் அது. ஆண்ட்ராய்டு 9 வந்த 2018 முதல், பின்னணியில் சும்மா கிடக்கும் ஆப்களுக்கு மைக்கும் கேமராவும் மறுக்கப்பட்டன, அடுத்து வந்த பதிப்புகளில் இந்தக் கட்டுப்பாடு இன்னும் இறுகியது. கீபோர்டு மைக் சுழன்று சுழன்று ஒன்றும் எழுதாமல் நின்றால் போனைத் திட்டாதீர்கள். வாட்ஸ்அப்பில் வாய்ஸ் மெசேஜ் பதிவு செய்வதும் கால் ஓடும்போது நடக்காது. சொல்ல வேண்டியதைக் காலிலேயே சொல்லி, அவரை எழுதிக்கொள்ளச் சொல்வதுதான் சுலபம்.

அடுத்தது யூடியூப். கால் ஓடும்போது பாட்டோ குருத்தோலை ஞாயிறு பவனி வீடியோவோ போட்டுக் காட்ட நினைப்பார்கள். உங்கள் ஸ்பீக்கரில் வரும் சத்தத்தை எதிரொலி என்று நினைத்துக் கால் ஆப் வெட்டிவிடும். இயர்போனில் இருந்தால் அது மைக்குக்கே போகாது. லிங்கை அனுப்பி அவரையே பார்க்கச் சொல்லுங்கள், அல்லது கீழே சொல்லப்போகும் ஸ்கிரீன் ஷேரைப் பயன்படுத்துங்கள்.

புளூடூத் இயர்போனில் கால் பேசும்போது பாட்டு தகரம்போல் கேட்பது இயல்பு. கால் என்றதும் இயர்போன் பேச்சுக்கான முறைக்கு மாறிவிடும், அதில் ஸ்டீரியோ கிடையாது. கால் முடிந்ததும் பழையபடி ஆகும். ஒலி பொத்தானிலும் இதே கதை. கால் ஓடும்போது அது காலின் ஒலியைத்தான் கூட்டும், வீடியோவின் ஒலியை அல்ல.

"ரெண்டு நிமிஷம் வேற ஆப்ல இருந்தா லைன் கட்டாயிடுது"

பேட்டரி மிச்சம் பிடிப்பதற்காகப் போன் செய்யும் வேலை. வெளியில் போய் வந்த ஆப்பை இது மூடிவிடுகிறது, சில கம்பெனிகளின் போன்களில் ரொம்பக் கண்டிப்பாகவே செய்கிறது. வாட்ஸ்அப் ஐகானை அழுத்திப் பிடித்து ஆப் இன்ஃபோவுக்குப் போய், பேட்டரி என்ற இடத்தில் "அன்ரெஸ்ட்ரிக்டெட்" அல்லது "நோ ரெஸ்ட்ரிக்‌ஷன்ஸ்" என்று வையுங்கள். சாம்சங்கில் பேட்டரி செட்டிங்ஸுக்குள் "நெவர் ஸ்லீப்பிங் ஆப்ஸ்" பட்டியலில் சேர்க்கலாம். ஷாவ்மி, ரியல்மி, ஓப்போ, விவோவில் திறந்திருக்கும் ஆப்களின் திரையில் வாட்ஸ்அப் அட்டைக்குப் பூட்டுப் போடும் வசதி உண்டு. பூட்டிவிட்டால் "க்ளியர் ஆல்" தட்டினாலும் தப்பித்துக்கொள்ளும்.

போன் க்ளீனர், ராம் பூஸ்டர் என்று இறக்கி வைத்திருக்கும் ஆப்களை அழித்துவிடுங்கள். அவற்றால் நன்மை கிடையாது. 2, 3 ஜிபி ராம் போனில் கால் ஓடும்போது ஃபேஸ்புக், இன்ஸ்டாகிராம், குரோம் எல்லாவற்றையும் திறந்தால் இடம் போதாமல் ஏதோ ஒன்று மூடத்தான் செய்யும். ஒரு நேரத்தில் கால், அதோடு ஒரே ஒரு ஆப் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

"படம் கட்டம் கட்டமா உடையுது"

நெட் விஷயம். இரண்டு பேர் பேசும் தரமான வீடியோ காலுக்கு நொடிக்கு 600 கிலோபிட் என்று ஜூம் கணக்குச் சொல்கிறது, 720பி தெளிவுக்கு 1.2 மெகாபிட். இது இறங்கும் திசைக்கு (டவுன்லோட்) மட்டும் அல்ல, ஏறும் திசைக்கும் (அப்லோட்) வேண்டும். நம்மில் பலர் யூடியூப் நன்றாக ஓடுகிறதே என்பார்கள். யூடியூபுக்கு இறங்கினால் போதும், காலுக்கு ஏறவும் வேண்டும். கல்யாண போட்டோக்களைக் கொத்தாக வாட்ஸ்அப்பில் அனுப்பிக்கொண்டே கால் பேசினால் ஒரே குழாயில் இரண்டு குடம் வைத்த மாதிரி ஆகிவிடும். கூகுள் போட்டோஸ் பேக்கப்பும் சத்தமில்லாமல் ஏற்றிக்கொண்டிருக்கும். அதை வைஃபையில் மட்டும், கால் பேசாத நேரத்தில் நடக்கும்படி வையுங்கள். பிளே ஸ்டோர் அப்டேட்டையும் அப்படியே.

வாட்ஸ்அப்பில் செட்டிங்ஸ், ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா உள்ளே காலுக்குக் குறைந்த டேட்டா பயன்படுத்தும் பொத்தான் இருக்கிறது. படம் கொஞ்சம் மங்கும், ஆனால் அறுந்து அறுந்து வராது. பேச்சிப்பாறை, கோதையாறு, கீரிப்பாறை மேல்பகுதிகளில் இருப்பவர்கள் இதை நிரந்தரமாகவே ஆன் செய்து வைக்கலாம். அங்கெல்லாம் ரப்பர் மரங்களுக்கு நடுவே ஒரு பார் சிக்னல் வந்தாலே பெரிது. ரப்பர் ஷீட்டை வீடியோவில் காட்டிக்கொண்டே கோட்டயம் மார்க்கெட்டில் இன்றைய ஆர்எஸ்எஸ் 4 தர ஷீட்டின் விலை என்ன என்று பார்க்க ரப்பர் போர்டு பக்கத்தைத் திறக்கிறவர்கள், அந்த ஒரு நிமிடம் வீடியோவை அணைத்துக்கொண்டால் பக்கம் சட்டென்று திறக்கும். ஷீட்டின் நிறத்தை முதலில் காட்டி முடித்துவிட்டு விலைக்குப் போங்கள்.

மழைக்காலத்தில் இன்னொன்று நடக்கும். கரண்ட் போனால் வைஃபை ரவுட்டர் அணையும். வைஃபையில் பேசும்போது மொபைல் டேட்டாவை அணைத்து வைத்திருந்தால் கால் அங்கேயே முடிந்தது. டேட்டாவையும் ஆன் செய்து வைத்திருந்தால் சில நொடி தடுமாறி "ரீகனெக்டிங்" காட்டிவிட்டு மொபைல் நெட்டில் தொடரும். வைஃபை இருக்கும்வரை போன் அதைத்தான் பயன்படுத்தும், டேட்டா வீணாகிவிடுமோ என்று அஞ்ச வேண்டாம்.

"இன்னொரு போன் வந்தா எல்லாம் நிக்குது"

சாதாரண போன் கால் வந்து அதை எடுத்தால் வீடியோ கால் ஹோல்டில் போகும். எடுக்காமல் நிராகரித்தால் தொடரும். ஆனால் சிலருக்கு ரிங் வந்த உடனே நெட் நின்றுவிடும். காரணம் இரண்டு. ஒன்று, அந்த சிம்மில் வோல்ட்டி, அதாவது 4ஜியிலேயே போன் பேசும் வசதி, அணைந்திருப்பது. அணைந்திருந்தால் கால் வரும்போது போன் 4ஜியை விட்டுப் பழைய 2ஜிக்கு இறங்கும், நெட்டும் போய்விடும். சிம் செட்டிங்ஸில் வோல்ட்டியை ஆன் செய்யுங்கள். இன்னொன்று இரட்டை சிம். நெட் ஒரு சிம்மிலும் கால் இன்னொரு சிம்மிலும் இருந்தால், பேசி முடிக்கும்வரை நெட் சிம் பல போன்களில் ஊமையாகிவிடும். "டேட்டா டியூரிங் கால்ஸ்" அல்லது "ஆட்டோ டேட்டா ஸ்விட்சிங்" என்று சிம் செட்டிங்ஸில் ஒன்று இருக்கும். அதைப் போட்டால் பேசும் சிம்மிலிருந்தே நெட் எடுத்துக்கொள்ளும், அந்த சிம்மிலும் டேட்டா இருந்தால்.

ஸ்கிரீன் ஷேர்: தெரிந்தவரோடு மட்டும்

வாட்ஸ்அப் வீடியோ காலில் 2023 ஆகஸ்ட் முதல் திரையைப் பகிரும் வசதி இருக்கிறது. வெளிநாட்டில் இருக்கும் மகன் அம்மாவின் திரையைப் பார்த்தபடியே "அந்த நீலப் பொத்தானத் தொடுங்க அம்மா" என்று வழி சொல்ல இதைவிட நல்ல உபாயம் இல்லை. மேலே நான் சொன்ன அனுமதிகளைக்கூட இப்படியே செய்து கொடுக்கலாம்.

வங்கி ஆப்பைத் திறந்ததும் எதிரில் கறுப்பாகத் தெரிகிறது, அல்லது ஆப்பே திறக்க மறுக்கிறது என்றால் அது கோளாறு அல்ல. வங்கிகள் வேண்டுமென்றே வைத்த தடுப்பு, அதை நீக்கப் பார்க்கக் கூடாது. ஆனால் அந்தத் தடுப்பு எல்லாவற்றையும் மறைக்காது. திரையின் உச்சியில் வந்து விழும் ஓடிபி மெசேஜ் பல போன்களில் எதிரில் இருப்பவருக்கு அப்படியே தெரியும். திரையைப் பகிரும் நேரத்தில் பணம் சம்பந்தமான எதையும் தொடாதீர்கள். ஷேரை நிறுத்திவிட்டுச் செய்யுங்கள்.

வங்கியிலிருந்து, கேஸ் ஏஜென்சியிலிருந்து, போலீஸிலிருந்து என்று சொல்லி வீடியோ காலில் வந்து திரையைப் பகிரச் சொன்னால், யாராக இருந்தாலும் உடனே வையுங்கள். வீடியோ காலிலேயே கைது செய்வதாக மிரட்டும் "டிஜிட்டல் அரெஸ்ட்" என்று நம் நாட்டுச் சட்டத்தில் ஒன்று கிடையவே கிடையாது. பணம் வருவதற்கு யூபிஐ பின் அடிக்க வேண்டியதும் இல்லை. பணம் போய்விட்டால் வெட்கப்பட்டு மறைக்காமல் சைபர் மோசடிப் புகாருக்கான உதவி எண் 1930-க்கு உடனே அழையுங்கள். எவ்வளவு சீக்கிரம் அழைக்கிறீர்களோ, போன பணத்தை வழியிலேயே முடக்கி வைக்க அவ்வளவு வாய்ப்பு உண்டு. வீட்டில் தனியாக இருக்கும் பெரியவர்களின் போனில் இந்த நம்பரை இன்றே சேமித்து வையுங்கள். இந்த ஒரு விஷயத்தில் மட்டும், செட்டிங்ஸ் மறந்துபோனாலும் பரவாயில்லை, நம்பர் மறக்கக் கூடாது.

"போன் சூடாகி ஆப் எல்லாம் இழுக்குது"

கேமரா, திரை, நெட் மூன்றும் ஒன்றாக உழைக்கும்போது சூடாகத்தான் செய்யும். சார்ஜில் போட்டுக்கொண்டு பேசாதீர்கள், ரப்பர் கவரைக் கழற்றுங்கள், திரை வெளிச்சத்தைக் குறையுங்கள். சூடு கூடினால் போன் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். சிக்னல் குறைந்த இடத்தில் சூடு இன்னும் அதிகம், டவரை எட்டிப் பிடிக்கப் போன் கூடுதலாக உழைப்பதால்.

இத்தனையும் பார்த்தும் சரியாகவில்லையா

போனை ஒரு தடவை அணைத்துப் போடுங்கள், வாட்ஸ்அப்பை அப்டேட் செய்யுங்கள். அப்புறம் அதே காரியத்தை வேறொரு கால் ஆப்பில், உதாரணமாக கூகுள் மீட்டில், செய்து பாருங்கள். மீட்டில் சரியாக வந்து வாட்ஸ்அப்பில் மட்டும் தகராறு என்றால் வாட்ஸ்அப்பின் அனுமதிகளில்தான் பிரச்சினை. இரண்டிலும் ஒரே தகராறு என்றால் போனைப் பார்க்க வேண்டும். மேலே சொன்ன கேமரா ஆக்சஸ் ஆனில் இருந்தும், காலே இல்லாமல் வெறும் கேமராவைத் திறந்தாலும் கறுப்பாக இருந்தால் அது கேமரா உதிரிபாகத்தின் பழுது, செட்டிங்ஸில் தேடிப் பயனில்லை.

அடிக்கடி கால் நடுவே வேலை பார்க்க வேண்டியவர்களுக்கு வேறொரு வழியும் உண்டு. வாட்ஸ்அப்பை முதன்மை போன் தவிர நான்கு சாதனங்களில் இணைக்கலாம். வீட்டில் லேப்டாப் இருந்தால் அதில் வாட்ஸ்அப் ஆப்பை இறக்கி இணைத்து, காலை லேப்டாப்பில் பேசிக்கொண்டே கையில் இருக்கும் போனில் எல்லா வேலையும் செய்யலாம். கேமராவும் மைக்கும் லேப்டாப்புடையவை என்பதால் மோதலுக்கே இடமில்லை.

கடைக்குக் கொண்டு வருவதாக இருந்தால் வருவதற்கு முன் வாட்ஸ்அப் சாட் பேக்கப் எடுத்துவிடுங்கள். ரீசெட் செய்தால்தான் சரியாகும் என்று யார் சொன்னாலும் பேக்கப் இல்லாமல் ஒப்புக்கொள்ள வேண்டாம். எந்த ஆப்பைத் திறந்தபோது நின்றது, வைஃபையிலா டேட்டாவிலா, படம் போனதா சத்தம் போனதா என்ற மூன்றையும் ஒரு துண்டுச் சீட்டில் எழுதிக் கொண்டு வந்தால், பார்க்கிறவருக்குப் பாதி நேரம் மிச்சம்.